ஆறாவது வரி

மாதேஸ்வரியக்காவைப் பற்றி மேடையில் வாசிக்க ஆறு வரி எழுதிக் கொடுத்தது நான்தான். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

மகளிர் தினத்தன்று எங்கள் கம்பெனியில் சிறந்த பெண் தொழிலாளி என்று ஒருவருக்கு விருது கொடுப்பார்கள். ஒரு சால்வை, ஒரு மிக்ஸி, கண்ணாடி போட்ட ஒரு சான்றிதழ். சான்றிதழில் அவரைப் பற்றி ஆறு வரி இருக்கும். எச்.ஆர். மேனேஜர் ஆனந்தராஜ் சார் தர்மபுரியில் பிறந்தவர்தான், ஆனால் தமிழில் நாலு வரி எழுத வராது. கம்ப்யூட்டர் தட்டிக்கொண்டிருந்த என்னைக் கூப்பிட்டார். "நீ தமிழ் மீடியம்தானே? அடக்கமா, பணிவா, குடும்பப்பாங்கா வர்ற மாதிரி எழுதும்மா" என்றார். எங்கள் வீட்டில் முதன்முதலாகக் காலேஜ் வாசலை மிதித்தவள் நான். எழுதச் சொன்னால் எழுதிவிடுவேன். எழுதினேன்.

விருது யாருக்கு என்பதும் ஒருவகையில் என் கையால் முடிவானதுதான். அதைச் சொல்ல வேண்டுமென்றால் சிவப்பு அட்டையைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

காருக்குள் ஓடும் வயர்களைக் கட்டாகக் கட்டித் தருகிற கம்பெனி எங்களுடையது. ஒரு லைனில் முப்பத்து நான்கு பெண்கள். ஆளுயரப் பலகை மெதுவாக நகர்ந்துகொண்டே வரும். அதில் அடித்திருக்கும் முளைகளுக்கு நடுவே கலர் கலராக வயரைப் படுக்க வைத்து, டேப் சுற்றி, கிளிப் மாட்டி அடுத்தவளிடம் விட வேண்டும். பலகை யாருக்காகவும் நிற்காது. அதனால் லைனுக்கு ஒரே ஒரு சிவப்பு அட்டை. கழிப்பறைக்குப் போக வேண்டியவள் லைன் லீடரிடம் போய்க் கேட்டு, அதை வாங்கிக் கழுத்தில் மாட்டிக்கொண்டு போக வேண்டும். ஏழு நிமிஷம். அவள் திரும்பி வந்து அட்டையைக் கொடுத்தால்தான் அடுத்தவள் கேட்கலாம். லீடர் ஒரு நோட்டில் பெயரும் நேரமும் குறித்துக்கொள்வார். மாதக் கடைசியில் அந்த நோட்டைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவது என் வேலை.

எவளுக்கு எந்தத் தேதியில் வீட்டு விலக்கு என்பதுகூட அதைப் பார்த்தால் தெரியும். வெட்கங்கெட்ட வேலை. சம்பளத்துக்காகச் செய்தேன்.

அந்தப் பட்டியலில் மாதேஸ்வரி என்ற பெயருக்கு எதிரே பதினோரு வருஷமாக எதுவுமே இல்லை. ஆனந்தராஜ் சார் அசந்துபோனார். இதுதான் டெடிகேஷன், இதைக் கடைசி வரியாகப் போடு என்றார். முதல் ஐந்து வரியும் உண்மை. எழுபத்து நான்கு வயரை நிறம் பார்த்தே இடம் தப்பாமல் வைப்பவர், புதுப் பெண்களுக்குக் கை பழக்கியவர், அதிர்ந்து பேசாதவர். ஆறாவது வரிக்கு மட்டும் சொல் தேடி வெகு நேரம் உட்கார்ந்திருந்தேன். நாணம் என்று போடலாமா? பாடப்புத்தகத்துக்கு வெளியே அதை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. கூச்சம் எங்கள் ஆட்கள் தினமும் சொல்வது, ஆனால் சான்றிதழில் எடுக்காது. கடைசியில் சார் சொன்ன சொல்லையே போட்டேன். 'பதினோரு ஆண்டுகளில் ஒரு நாள்கூட வேலை நேரத்தில் தன் இடத்தை விட்டு அகலாத அடக்கத்தின் உருவம்.' படித்துப் பார்த்தபோது எனக்கே பெருமையாக இருந்தது.

ஓசூர் மூக்கண்டப்பள்ளியில் நாங்கள் இருப்பது லைன் வீடு. எதிரெதிராக எட்டுக் கதவு, நடுவில் ஆறடிச் சந்து, ஒரு குழாய், கடைசியில் இரண்டு கக்கூஸ். சுவருக்கு அந்தப் பக்கம் மாதேஸ்வரியக்கா வீடு. அவர் வீட்டுக்காரர் திம்மப்பன் மாமாவுக்குத் தொழிற்பேட்டை எஸ்டேட்டில் ஒரு கிடங்கு வாசலில் வாட்ச்மேன் வேலை. கர்நாடக எல்லையோரத் தளிப் பக்கத்து மனிதர். தமிழில் பேசிக்கொண்டே இருப்பார், கோபம் வந்தால் கன்னடத்துக்குப் போய்விடுவார். அக்கா ஊத்தங்கரைப் பக்கம். அடுத்தவர் காட்டில் கடலை பிடுங்கிக் களை வெட்டிப் பிழைத்த குடும்பம். ஒரே மகள் காவியா. பிளஸ் டூ முடித்துவிட்டு ஒரு வருஷம் வீட்டில் இருந்தாள். போன அக்டோபரில் அம்மாவின் லைனிலேயே பயிற்சிக்குச் சேர்ந்தாள். மார்ச் முடியும் வரை பயிற்சி, ஒழுங்காக முடித்தால் நிரந்தரம்.

ஓசூர்க் குளிரில் நாலரை மணிக்கு அக்கா வீட்டு ஸ்டவ் எரியும் சத்தம் சுவர் வழியாகக் கேட்கும். ஐந்தேகாலுக்குப் பனிக்குள் மஞ்சள் விளக்குப் போட்டுக்கொண்டு கம்பெனி பஸ் வரும். அதற்குள் கேழ்வரகுக் களி கிண்டி, இரண்டு டப்பாவில் போட்டு, மாமாவுக்கு மூடி வைத்து, வாசலில் தண்ணீர் தெளித்து, பக்கத்து வீட்டுக்காரிக்குக் குளிர் ஜுரம் என்றால் அவள் வாசலிலும் தெளித்துவிட்டுப் போவார். யார் தெளித்தது என்று கேட்டால், வாளியில் மீதி இருந்தது என்பார்.

லைனிலும் அப்படித்தான். யாராவது அட்டை வாங்கிக்கொண்டு போனால் அவளுடைய டேப்பையும் சேர்த்து அக்கா சுற்றிவிடுவார். இரண்டு ஆள் வேலையை ஏழு நிமிஷம். பலகை நகர்வதற்குள் இந்தப் பக்கம் ஒரு கை, அந்தப் பக்கம் ஒரு கை. போனவள் திரும்பி வந்து பார்த்தால் இடம் சுத்தமாக இருக்கும். லைன் லீடர் பிரகாஷுக்குக்கூட இது தெரியாது. பக்கத்து இடத்து ரேவதி சொல்லித்தான் எனக்குத் தெரியும். பசைக் கறை படிந்து அக்காவின் வலது கட்டைவிரல் நகம் எப்போதும் கறுத்திருக்கும். களி உருட்டும்போது அந்த விரலை மட்டும் மடக்கிக்கொள்வார்.

ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் உட்கார்ந்து பேச முடியும். தையில் அவரைக்காய் குவிந்து கிடக்கும். ஊற வைத்த அவரைக் கொட்டையைச் சந்தில் உட்கார்ந்து எல்லாரும் தோல் பிதுக்குவோம். பிதுக்குப் பருப்புக் குழம்புக்கு நேரமும் ஆளும் வேண்டும். நான் வேகமாகப் பிதுக்குவேன், பாதிப் பருப்பு நசுங்கும். அக்கா பிதுக்கினால் பருப்பு முழுசாகத் துள்ளி வந்து பாத்திரத்தில் விழும்.

"ஏன் கண்ணு, அந்தப் பருப்பு மேல உனக்கு இன்னா கோவம்?" என்பார். அதற்கே சந்து முழுக்கச் சிரிக்கும். அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமை காவியா பாதியில் எழுந்து உள்ளே போய்ப் படுத்துக்கொண்டாள். அடிவயிறு வலிக்கிறதாம். இரண்டு வாரமாகவே இப்படித்தான் என்றார் அக்கா. மாமா அவளை மத்திகிரியில் ஒரு டாக்டரிடம் கூட்டிப் போயிருந்தார். ஆம்பளை டாக்டர், பக்கத்தில் அப்பா. வயித்து வலி என்று மட்டும் சொன்னாள். கேஸ் மாத்திரை கொடுத்தார். மறுபடி போனாள், மறுபடி வயித்து வலி என்றாள், மறுபடி அதே மாத்திரை. ஒண்ணுக்குப் போகும்போது எரிகிறது என்று சொல்லியிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும். அவள் சொல்லவில்லை. அம்மாவிடமும் வேறு வார்த்தையில்தான் சொல்லியிருந்தாள். எங்கள் பெண்களுக்கு இடுப்புக்குக் கீழே முழுக்க வயிறுதான்.

மாசி முதல் வாரத்தில் ஒரு நாள் காலை எட்டரை மணிக்குக் காவியா லைனில் விழுந்துவிட்டாள். ஆபீஸுக்கு போன் வந்து நான் ஓடியபோது, அக்கா மகளின் தலையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். காவியா பல் கிட்டும்படி நடுங்கிக்கொண்டிருந்தாள். தொட்டால் கை சுட்டது. பலகைகள் அவர்களுக்கு மேலே நகர்ந்துகொண்டுதான் இருந்தன. கம்பெனி வண்டியில் நானும் கூடப் போனேன்.

ஆஸ்பத்திரியில் பெண் டாக்டர். என் வயதுதான் இருக்கும். நீரைப் பரிசோதித்துவிட்டு வந்து, கிருமி மூத்திரப்பையிலிருந்து கிட்னிக்கு ஏறிவிட்டது, இன்னும் நாலு நாள் விட்டிருந்தால் ரத்தத்தில் கலந்திருக்கும் என்றார். பிறகு ஸ்டூலை இழுத்துப் போட்டுக் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டார்.

"ஒரு நாளைக்கு எவ்வளவு தண்ணி குடிப்ப?"

காவியா அம்மாவைப் பார்த்தாள்.

"வேலைக்குப் போனா எத்தனை தடவை பாத்ரூம் போவ?"

அதற்கும் அவள் அம்மாவைத்தான் பார்த்தாள்.

"அவளக் கேக்காதீங்கம்மா" என்றார் அக்கா. "அவ நல்லாத்தான் இருந்தா. நான்தான் சொல்லிக் குடுத்தன்."

என்ன சொல்லிக் கொடுத்தார் என்பது எனக்கும் தெரியும். காவியா வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் காலையில், சந்து வாசலில் அவளுக்குத் தலை பின்னிக்கொண்டே அக்கா சொன்னதை நான் கேட்டுக்கொண்டிருந்தேன். ராத்திரி எட்டு மணிக்கு மேல் தண்ணீர் குடிக்காதே. காலையில் டீ அரை டம்ளர், அதுவும் நாலரைக்குள். பஸ் ஏறுவதற்கு முன்னால் ஒரு தடவை போய்விட்டு வந்துவிடு. லைனில் வாய் காய்ந்தால் ஒரு கிராம்பைக் கடவாயில் அடக்கிக்கொள். பகல் சாப்பாட்டைக் கெட்டியாகச் சாப்பிடு, மோர் ஊற்றாதே. முதல் ஒரு மாதம் கஷ்டமாக இருக்கும், அப்புறம் உடம்பு பழகிவிடும். ஒரு ஆம்பளைப் பையன்கிட்டப் போய் நின்று இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருக்க வேண்டியதில்லை.

மற்ற அம்மாக்கள் மகளுக்குச் சமையல் பக்குவம் சொல்லும் குரலில்தான் சொன்னார். ஊரில் எல்லாப் பொம்பளைகளும் கற்றுக்கொண்டது அது. காட்டு வேலையில் விடிவதற்கு முன் ஒரு தடவை, இருட்டிய பிறகு ஒரு தடவை. நடுவில் வரப்பில் ஆள் நடமாட்டம் இருக்கும், காடு அடுத்தவருடையது. கம்பெனிக்கு வரும்போது அக்கா ஊரிலிருந்து கொண்டுவந்த ஒரே தொழில் இதுதான். அதைத்தான் மகளுக்குக் கொடுத்தார். கேட்டுக்கொண்டிருந்த நான், பரவாயில்லையே, நல்ல யோசனைதான் என்று நினைத்தேன். படித்தவள்.

டாக்டர் கோபப்படவில்லை. அக்காவுக்கு எத்தனை வருஷமாக இந்தப் பழக்கம் என்று கேட்டு, அவருக்கும் ஒரு பரிசோதனை எழுதிக் கொடுத்தார். அக்கா அந்தச் சீட்டை மடித்து முந்தானையில் முடிந்துகொண்டார். காவியா பதினோரு நாள் படுத்திருந்தாள். பதினோரு நாளும் அக்கா கட்டிலுக்குக் கீழே படுத்தார். மணிக்கு ஒரு தடவை எழுந்து மகளுக்குத் தண்ணீர் கொடுத்தார். அழவில்லை. நர்ஸ்கள் ரொம்ப அடக்கமான அம்மா என்றார்கள். எனக்கு அந்த நர்ஸ்களை அறையலாம் போலிருந்தது. என்னையும்தான்.

பதினோராம் நாள் கம்பெனிக்குப் போனதும் ஆனந்தராஜ் சாரிடம் ஆறாவது வரியை எடுத்துவிடலாம் என்றேன். ஏன் என்றார். காவியாவுக்கு எதனால் வந்தது என்று சொன்னேன். அவர் எழுந்து கதவைச் சாத்திவிட்டு வந்தார். சான்றிதழ் பிரிண்ட் ஆகிவிட்டது, பெங்களூரிலிருந்து பெரிய சார் வருகிறார், இந்த மாதிரிப் பேச்செல்லாம் ஒரு பெண் வாயில் வரலாமா என்றார்.

மறுநாள் மாலை அவரே மூக்கண்டப்பள்ளிக்கு வந்தார். ஆப்பிள், ஹார்லிக்ஸ். காவியா அன்று காலையில்தான் வீட்டுக்கு வந்திருந்தாள். சந்தில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டார்கள். மாமா நின்றுகொண்டே இருந்தார். பயிற்சிக் காலத்தில் பதினோரு நாள் லீவு என்றால் விதிப்படி நிறுத்திவிட வேண்டும், ஆனாலும் விழா நல்லபடியாக முடியட்டும், பாப்பாவுக்கு ஏதாவது பார்க்கலாம் என்றார் சார்.

"ஒண்ணே ஒண்ணும்மா. எதனால வந்துச்சுன்னு வெளிய பேசிக்க வேணாம். கம்பெனிக்காகச் சொல்லல. வயசுப் பொண்ணு. நாளைக்கு நாலு பேரு கேட்டா அசிங்கம் உங்களுக்குத்தான்."

மாமாவுக்கு அது சரியாகப் பட்டது. ஊத்தங்கரைப் பக்கத்திலிருந்து காவியாவுக்கு ஒரு சம்பந்தம் பேசி வைத்திருந்தார்கள். பங்குனி கழிந்து பூ வைக்க வருவதாக ஏற்பாடு. கிட்னி என்ற சொல் அவர்கள் காதுக்குப் போனால் யார் வருவார்கள்? சார் போன பிறகு நான் சும்மா இருக்கவில்லை. கலெக்டருக்கு மனு எழுதலாம், தொழிலாளர் ஆபீஸில் கொடுக்கலாம் என்று கத்தினேன். மாமா என்னை முறைத்துவிட்டு அக்காவைப் பார்த்து, "சும்னிரு" என்றார். பேசாமல் இரு என்று கன்னடத்தில் சொன்னால் அதற்கு மேல் பேச்சில்லை என்று அர்த்தம். அக்கா ஏற்கெனவே பேசாமல்தான் இருந்தார்.

அன்றைக்கே உட்கார்ந்து மனு எழுதினேன். இரண்டு பக்கம். காலையில் அக்காவிடம் வாசித்துக் காட்டினேன். 'பெண் தொழிலாளர்களுக்கான அடிப்படைச் சுகாதார வசதிகள் போதுமான அளவில்' என்று போய்க்கொண்டிருந்தது. அக்கா குழம்புக்குத் தாளித்துக்கொண்டே கேட்டார்.

"நல்லாத்தான் இருக்குது கண்ணு. இதுல ஒண்ணுக்குன்னு எங்க வருது?"

தேடிப் பார்த்தேன். எங்கேயும் வரவில்லை.

"நீயே எழுத மாட்டேங்கற" என்று சிரித்தார். குழம்பை இறக்கி டப்பாவில் ஊற்றினார். எனக்குக் கோபம் வந்துவிட்டது. மகள் செத்துப் பிழைத்திருக்கிறாள், இந்த அம்மா மிக்ஸி வாங்கப் போகிறாரே என்று இருந்தது. மூன்று நாள் அவரோடு பேசவில்லை.

மார்ச் எட்டாம் தேதி கேன்டீனில் பந்தல் துணி கட்டி நாற்காலி போட்டார்கள். வாசலில் நிற்கிற பெண்களுக்கெல்லாம் ஆளுக்கு ஒரு ரோஜா. ஓசூரில் ரோஜாவுக்கா பஞ்சம், சுற்றிலும் அதுதான் பயிர். மேடையில் பெரிய சார். வயதானவர், மரியாதையான மனிதர், தமிழ் அவ்வளவாகத் தெரியாது. பக்கத்தில் ஆனந்தராஜ் சார் மைக்கோடு. விருது வாங்குபவரின் குடும்பத்தையும் கூப்பிட்டிருந்தார்கள். மாமா வெள்ளைச் சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொண்டு கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் காவியா, கழுத்தெலும்பு தெரிய மெலிந்துபோய். நான் சான்றிதழை எடுத்துக் கொடுப்பதற்காக மேடை ஓரத்தில் நின்றேன்.

அக்கா கம்பெனியின் நீலக் கோட்டைச் சேலைக்கு மேல் போட்டுக்கொண்டு ஏறினார். சால்வை போட்டார்கள். மிக்ஸியை மேஜை மேல் வைத்தார்கள். ஆனந்தராஜ் சார் நான் எழுதியதை வாசித்தார். வரி வரியாகக் கைதட்டல். ஆறாவது வரியை மட்டும் இரண்டு தடவை வாசித்தார். பெண்கள் கை தட்டினார்கள், ஆனால் சத்தம் குறைந்திருந்தது. காவியா எதனால் விழுந்தாள் என்று லைனில் தெரியாதவர்கள் யாரும் இல்லை.

இரண்டு வார்த்தை பேசுங்கள் என்று மைக்கை நீட்டினார். வழக்கமாக, வாய்ப்புக் கொடுத்த நிர்வாகத்துக்கு நன்றி என்று சொல்லிவிட்டு இறங்குவார்கள். அக்கா மைக்கை இரண்டு கையாலும் வாங்கினார். பெரிய சாரைப் பார்த்துக் கும்பிட வேண்டும், மைக் கையில் இருந்ததால் தலையை மட்டும் குனிந்தார்.

"எனக்குப் பேசத் தெரியாதுங்க. பதினோரு வருசமா நான் ஒரு தரமும் கேக்கல, அதுக்குத்தான் இதுன்னு சொன்னாங்க." மைக்கை வாய்க்கு இன்னும் கிட்டே கொண்டுவந்தார். "இப்ப கேக்கறங்க. எனக்கு ஒண்ணுக்கு வருது. அட்டை குடுங்க சார்."

மைக் ஒரு தடவை கீச்சென்றது. ஆனந்தராஜ் சார் சிரித்தார். அக்கா தமாஷ் பண்ணுகிறார் என்று சொல்லி மைக்கை வாங்கக் கை நீட்டினார். அக்கா மைக்கைக் கொடுத்துவிட்டார். ஆனால் இறங்கவில்லை. வலது கையை அப்படியே நீட்டிக்கொண்டு நின்றார், கறுத்த கட்டைவிரல் மேலே தெரிய. லீடர் மேஜை முன்னால் தினமும் பெண்கள் எப்படி நிற்பார்களோ அப்படி. முகம் காது வரை சிவந்திருந்தது. கண்ணை மட்டும் தாழ்த்தவில்லை.

நடு வரிசையில் ரேவதி எழுந்தாள். "எனக்கும் வேணும் சார்." அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி எழுந்து கையை நீட்டினாள். பிறகு அந்த வரிசை முழுக்க. யாரும் கத்தவில்லை. நாற்காலி நகரும் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டே இருந்தது.

பெரிய சார் கன்னடத்தில், இந்த அம்மா என்ன கேட்கிறார் என்று ஆனந்தராஜ் சாரிடம் விசாரித்தார். சார் ஏதோ பர்சனல் விஷயம் என்றார். பெரிய சார் என்னைப் பார்த்தார். எனக்குக் கன்னடம் அரைகுறை. அதைவிட, வாய் வரவில்லை. மனுவில் எழுத வராத சொல் மேடையில் எங்கிருந்து வரும்?

கடைசி வரிசையிலிருந்து திம்மப்பன் மாமா எழுந்தார். அக்காவை இழுத்துக்கொண்டு போகத்தான் வருகிறார் என்று நினைத்தேன். இருந்த இடத்திலேயே நின்று, வாட்ச்மேன் கேட்டுக்கு வெளியே இருக்கிற லாரிக்காரனைக் கூப்பிடுகிற குரலில், கன்னடத்தில் சொன்னார். என் மனைவிக்கு மூத்திரம் போக வேண்டும். அதற்கு ஒரு அட்டை வேண்டும். முப்பத்து நான்கு பேருக்கு ஒரு அட்டை. கேட்கக் கூச்சப்பட்டுப் பதினோரு வருஷம் அவள் தண்ணீர் குடிக்கவில்லை. என் மகளும் குடிக்கவில்லை. இதோ உட்கார்ந்திருக்கிறாள், பாருங்கள்.

தமிழில் அவர் அதைச் சொல்லியிருக்க மாட்டார். கோபம் வந்தால்தான் அவருக்குக் கன்னடம் வரும். அன்றைக்குக் கோபம் சரியான ஆள் மேல் வந்திருந்தது.

காவியா தலையைக் குனிந்துகொள்ளவில்லை. பெரிய சார் அவளைப் பார்த்தார். பிறகு நீட்டியிருந்த கைகளைப் பார்த்தார். அவர் என்ன நினைத்தார் என்று எனக்குத் தெரியாது. ஆனந்தராஜ் சாரிடம் தாழ்ந்த குரலில் ஒரு கேள்வி கேட்டார். சார் மைக் வயரைச் சுற்றத் தொடங்கினார்.

அப்போதுதான் சுவர் ஓரம் நின்றிருந்த லைன் லீடர் பிரகாஷ் மேடைக்கு வந்தான். பாகலூர்ப் பக்கம் காடு கழனி உள்ள வீட்டுப் பையன். கெட்டவன் இல்லை. அட்டை கேட்டு வருகிற பெண்ணின் முகத்தைப் பார்க்கக் கூசிக்கொண்டு நோட்டையே பார்த்து எழுதுகிறவன். யாரும் வாங்காத நேரத்தில் தன் கழுத்தில் தொங்கும் சிவப்பு அட்டையைக் கழற்றி அக்காவின் உள்ளங்கையில் வைத்தான்.

"போய்ட்டு வாங்கக்கா" என்றான். நேரம் எழுதவில்லை.

அக்கா அதை வாங்கிக் கழுத்தில் மாட்டிக்கொண்டார், சால்வைக்கு மேலேயே. மேடையை விட்டு இறங்கி, நாற்காலிகளுக்கு நடுவே, முந்நூறு பேர் பார்க்க, வாசல் வரை நடந்தார். வேகமாகவும் இல்லை, மெதுவாகவும் இல்லை. நிஜமாகவே போய்விட்டு வந்தார். கை கழுவின ஈரத்தைக் கோட்டில் துடைத்துக்கொண்டே வந்து, அட்டையைப் பெரிய சாருக்கு முன்னால் மேஜையில் மிக்ஸி பக்கத்தில் வைத்தார். அதற்குப் பிறகுதான் சான்றிதழை வாங்கிக்கொண்டார்.

அந்த மாதமே அட்டை போய்விட்டது. எல்லா லைனிலும். லைனுக்கு ஒரு மாற்று ஆள் போட்டிருக்கிறார்கள், யார் நகர்ந்தாலும் அந்த இடத்தில் நிற்பதற்கு. புதுக் கழிப்பறை நான்கு கட்டுவதாகச் சொன்னார்கள், இரண்டு கட்டியிருக்கிறார்கள். காவியாவை நிறுத்தவில்லை, பயிற்சியை ஆறு மாதம் நீட்டியிருக்கிறார்கள். அது தண்டனையா சலுகையா என்று என்னைக் கேட்டால் தண்டனை என்பேன். ஊத்தங்கரைச் சம்பந்தம் பூ வைக்க வரவில்லை. காரணம் சொல்லவில்லை, சொல்லவும் வேண்டியதில்லை. மாமா இரண்டு நாள் சாப்பிடாமல் இருந்தார். மூன்றாம் நாள் சுவரில் ஆணி அடித்துச் சான்றிதழை மாட்டினார். காவியா நாற்காலி மேல் ஏறி, ஆறாவது வரி மேல் மட்டும் வரிசையாகச் சிவப்பு ஸ்டிக்கர் பொட்டு ஒட்டிவிட்டாள். கண்ணாடிக்கு மேல் இருபத்தோரு பொட்டு. நான் எண்ணினேன்.

அதற்கெல்லாம் முன்பே, அட்டையை எடுத்த அந்த மாதக் கடைசியில், நான் மன்னிப்புக் கேட்கப் போனேன். மூன்று நாள் பேசாமல் இருந்ததற்கு, அந்த வரிக்கு, முதல் நாள் தலை பின்னும்போது வாயை மூடிக்கொண்டு கேட்டதற்கு. அக்கா காதில் வாங்காத மாதிரி வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். சந்தில் எல்லாரும் அவரைத் தைரியசாலி என்கிறார்கள், பேப்பரில்கூடப் போடலாம் என்கிறார்கள் என்று சொன்னேன். முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு சிரித்தார்.

"நீ வேற. நான் இன்னா பண்ணன்? அந்தப் பையன்தான் குடுத்தான், இவருதான் எழுந்து சொன்னாரு, ரேவதி இல்லன்னா நான் அப்பவே இறங்கிக்கினு இருப்பன்."

கூச்சமே போய்விட்டதா என்று கேட்டேன்.

"போவலையே. இப்ப நெனச்சாலும் உடம்பு குறுகுதுடி. கூச்சத்தோடதான் கேட்டன்" என்றார். "அது என்னோடது, இருந்துட்டுப் போவுது. பாப்பாவுக்கு எதுக்கு?"

மறுநாள் காலை பனி விலகியிருந்தது. பஸ்ஸில் அக்கா பக்கத்தில் இடம் பிடித்தேன். மடியில் டப்பாவோடு ஒரு லிட்டர் பாட்டில் இருந்தது. காவியா பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோன பாட்டில், மூடியில் பொம்மை. எஸ்டேட் திருப்பம் வருவதற்குள் பாதியைக் குடித்துவிட்டு, பின் சீட்டில் இருந்த மகளிடம் நீட்டினார். அவள் குடித்தாள். அவளிடமிருந்து ரேவதி வாங்கினாள். பாட்டில் பின்னாலேயே போய்விட்டது, வெறுமையாகத்தான் திரும்பி வந்தது.

எட்டு மணிக்கு, மாதக் கடைசியில் நோட்டு வாங்குகிற பழக்கத்தில் நான் லைனுக்குப் போனேன், வாங்க நோட்டு இல்லை என்பது போன பிறகுதான் நினைவுக்கு வந்தது. அப்போது அக்கா கையிலிருந்த டேப்பை வைத்துவிட்டு நகர்ந்தார். மாற்று ஆள் அந்த இடத்தில் வந்து நின்றாள். பிரகாஷின் மேஜையைத் தாண்டும்போது அவர் கால் தானாக நின்றது. கை பாதி வரை நீண்டது. பிறகு அதைக் கோட்டுப் பையில் விட்டுக்கொண்டார்.

"போய்ட்டு வரன் தம்பி" என்றார், வீட்டுக்கு வந்தவர்கள் விடைபெற்றுக்கொள்கிற மாதிரி.

பிரகாஷ் நிமிர்ந்து அவர் முகத்தைப் பார்த்து, "சரிக்கா" என்றான்.